புதிதாக வாங்கிய தேனீப் பெட்டி: பழைய பெட்டிகளோடு சேர்க்கும் முன் பார்க்க வேண்டிய அறிகுறிகள்

ஒரு கார்த்திகை மாதம். ரப்பர் தளிர் விட அதிக நாள் இல்லை என்ற அவசரத்தில் தெரிந்தவர் மூலமாக நான்கு பெட்டி தேனீ வாங்கினேன். ஈ நன்றாக நிறைந்திருந்தது, வாசலில் போக்குவரத்தும் நன்றாக இருந்தது. அன்று இரவே என்னுடைய 17 பெட்டிகளுக்கு நடுவே காலியாகக் கிடந்த ஸ்டாண்டுகளில் தூக்கி வைத்தேன். தை பிறந்து ரப்பர் இலைக் காம்பில் தேன் ஊறத் தொடங்கியபோது பழையதும் புதியதுமாக உயிரோடு இருந்தவை 6 பெட்டிகள். மற்றதெல்லாம் புழு செத்து, ஈ குறைந்து, கடைசியில் பறந்து போய்விட்டன.

அதற்குப் பிறகு எந்தப் பெட்டி வாங்கினாலும் ஆறு வாரம் தனியே வைக்காமல் உள்ளே விட்டதில்லை. குமரி மாவட்டத்தில் மார்த்தாண்டம், அருமனை, திற்பரப்பு பக்கம் புதிதாக வளர்க்கத் தொடங்கியவர்கள் போன் செய்து கேட்பதும் அந்த ஆறு வாரத்தில் தெரிகிற விஷயங்களைத்தான். "அண்ணே, ஈ வெளியே வந்து தொங்குது", "வாசலில் செத்துக் கிடக்கு", "புழு கறுத்துப் போச்சு". அதனால் அறிகுறி வாரியாகவே எழுதுகிறேன். இதில் சொல்வது நம் அடுக்குத் தேனீக்கு, அதாவது பெட்டியில் வளர்க்கும் இந்தியத் தேனீக்கு. இத்தாலியத் தேனீ வைத்திருப்பவர்களுக்குக் கடைசியில் ஒரு பகுதி இருக்கிறது.

தனியே வைப்பது என்றால் எப்படி

உங்கள் பெட்டிகளிலிருந்து குறைந்தது ஒரு கிலோமீட்டராவது தள்ளி வையுங்கள். ஒன்றரை, இரண்டு என்றால் இன்னும் நல்லது. வீட்டுக்குப் பின்னால் பத்தடி தள்ளி வைப்பதெல்லாம் தனியே வைத்ததாக ஆகாது. ஈ பறந்து போய் அடுத்த பெட்டியில் தேன் திருடும், வழி தவறி அடுத்த வாசலில் நுழையும். சொந்தக்காரர் விளையோ நண்பரின் ரப்பர் தோட்டமோ எதுவானாலும் சரி, அங்கே வேறு யாரும் பெட்டி வைத்திருக்கக் கூடாது. கேட்டுவிட்டு வையுங்கள்.

ஆறு வாரம் ஏன் என்றால், முட்டை வேலைக்கார ஈயாக வெளியே வர ஏறக்குறைய 20 நாள் ஆகும். வாங்கிய அன்று அடையில் இருந்த முட்டையும் புழுவும் விற்றவருடைய இடத்தைப் பற்றிச் சொல்லும். உங்கள் இடத்தில் ராணி இடும் முட்டைகள் ஒரு சுற்று முழுதாக வந்து, அடுத்த சுற்றும் வந்தால்தான் அந்தப் பெட்டியின் நிலை உறுதியாகத் தெரியும்.

கத்தி, தூரிகை, கையுறை எல்லாம் அந்தப் பெட்டிக்கென்று தனியே இருக்கட்டும். ஒரே நாளில் இரண்டு இடத்துக்கும் போக வேண்டியிருந்தால் முதலில் பழைய பெட்டிகளைப் பாருங்கள், புதியதைக் கடைசியில் பாருங்கள். முழங்கை வரை சோப்பு போட்டுக் கழுவிவிட்டு வாருங்கள். அங்கிருந்து ஒரு சட்டம்கூட (அடையைத் தாங்கும் மரச்சட்டம்), காலி அடைகூட, இங்கே வரக் கூடாது.

அப்புறம், பெட்டியைத் திறப்பதற்கு முன் வாசலில் ஐந்து நிமிடம் உட்காருங்கள். எனக்குத் தொழில் சொல்லித் தந்த மாமா எப்போதும் சொல்வார்: "மக்கா, மூடியத் தொறக்காத. வாசலப் பாரு முதல்ல. பாதி வெவரம் அங்கேயே கெடக்கு." கீழே உள்ள அறிகுறிகளில் பாதி வாசலிலேயே தெரிந்துவிடும்.

அறிகுறி: ஈ கூட்டமாக வெளியே வந்து தொங்குகிறது, அல்லது மறுநாள் பெட்டி காலி

முதல் இரண்டு மூன்று நாளில் இது நடந்தால் பெரும்பாலும் நோய் காரணமாக இருக்காது.

வெயிலை முதலில் பாருங்கள். மதியம் 1 மணிக்குப் பெட்டியின் மேல்மூடியில் கை வைத்துப் பாருங்கள். கை பொறுக்காத சூடு என்றால் நிழலுக்கு மாற்ற வேண்டும். காலை வெயில் படலாம், உச்சி வெயில் படக் கூடாது.

அடுத்தது எறும்பு. ஸ்டாண்டின் காலைச் சுற்றி வைத்த சிரட்டையில் தண்ணீர் வற்றியிருக்கும், அல்லது ஒரு புல் வளர்ந்து பெட்டியைத் தொட்டு எறும்புக்குப் பாலம் போட்டிருக்கும். அந்த ஒரு புல்லால் போன பெட்டிகளை நான் பார்த்திருக்கிறேன்.

அடுத்தது பசி. அடையின் மேல் விளிம்பில் மூடிய தேன் இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் 1 கிலோ சீனிக்கு 1 லிட்டர் தண்ணீர் என்று பாகு செய்து, ஆறிய பிறகு, சிரட்டையில் ஊற்றி, ஈ முங்கிச் சாகாமல் இருக்க நாலு ஈர்க்கில் துண்டு போட்டு, இருட்டும் நேரத்தில் உள்ளே வையுங்கள். வெளியே ஒரு சொட்டு சிந்தினாலும் துடைத்துவிடுங்கள். சிந்திய பாகு திருட்டு ஈக்களைக் கூப்பிட்டுவிடும்.

வாசலில் ராணித் தகடு, அதாவது வேலைக்கார ஈயை மட்டும் போகவிட்டு ராணியைத் தடுக்கும் தகடு, வைப்பது நல்ல பழக்கம்தான். ஆனால் ஐந்தாறு நாளுக்கு மேல் வேண்டாம். தகடு இருந்தால் ஆண் ஈ வெளியே போக முடியாமல் உள்ளேயே செத்து அடைத்துக்கொள்ளும். அதைவிடப் பெரிய சிக்கல், நீங்கள் வாங்கியது புதிதாகப் பிரித்த பெட்டியாக, ராணி இன்னும் இணை சேராததாக இருந்தால், தகடு அவளை வெளியே விடாது. முட்டை இல்லாத பெட்டி என்று தெரிந்தால் தகடே வைக்காதீர்கள்.

இரண்டு வாரம் ஒழுங்காக இருந்துவிட்டு அப்புறம் கிளம்பப் பார்க்கிறது என்றால் கதை வேறு. புழு அடையைத் திறந்து பாருங்கள். மெழுகுப்புழுவோ (அடையைத் தின்னும் அந்துப்பூச்சியின் புழு), தேனீப் புழுவுக்கு வரும் நோயோ உள்ளே இருக்கும்.

அறிகுறி: வாசலில் செத்த ஈக்கள்

ஒரு கைப்பிடிக்குள் என்றால், கொண்டு வந்த வண்டியில் நசுங்கியதும் வெந்து போனதுமாக இருக்கும். ஈக்கள் தாங்களே உள்ளிருந்து இழுத்து வெளியே போடும். இரண்டு நாளில் நின்றுவிட வேண்டும்.

நிற்கவில்லையென்றால் செத்ததைக் கையில் எடுத்துப் பாருங்கள். உடம்பு பெரியதாக, கண் இரண்டும் பெரியதாக இருந்தால் அது ஆண் ஈ. மழைக்காலத்தில் தீனி குறையும்போது ஆண் ஈயை விரட்டுவது வழக்கம்தான். பாகு கொடுங்கள், போதும்.

ஈக்கள் இரண்டிரண்டாகக் கட்டிப் புரண்டு சண்டை போடுகின்றன, ரோமம் உதிர்ந்து பளபளப்பான கறுத்த ஈக்கள் பெட்டியின் இடுக்குகளில் நுழையப் பார்க்கின்றன என்றால் அது திருட்டு. வாசலை ஒரு ஈ மட்டும் போகிற அளவுக்குக் குறுக்குங்கள். விரிசல்களைச் சாணியும் மண்ணும் குழைத்து அடையுங்கள். பகலில் பெட்டியைத் திறக்கவே வேண்டாம். ஒரு கிலோமீட்டர் தள்ளி வைத்த பெட்டியில் திருட்டு நடந்தால், திருட வருவது யாருடைய பெட்டி ஈ என்றும் யோசிக்க வேண்டும். அந்தப் பக்கத்தில் நமக்குத் தெரியாமல் யாரோ வளர்க்கிறார்கள், அல்லது மரப்பொந்தில் ஒரு கூடு இருக்கிறது. நோய் அதற்கும் போகும், அதிலிருந்தும் வரும்.

வாசல் முன்னால் கடந்தை (பெரிய குளவி) வந்து நிற்கிறதா என்றும் ஒரு பார்வை பாருங்கள். அது பறந்து வரும் ஈயைப் பிடித்துக்கொண்டு போகும்.

ஒரே நாளில் நூற்றுக்கணக்கில் செத்து, நாக்கு வெளியே நீண்டு, சிலவற்றின் காலில் மகரந்தம் அப்படியே இருந்தால் அது பூச்சி மருந்து. பக்கத்தில் வாழைக்கோ காய்கறிக்கோ யாராவது அடித்திருப்பார்கள். தோட்டக்காரரிடம் சண்டைக்குப் போகாமல், அடுத்த முறை அடிக்கும் முன் ஒரு வார்த்தை சொல்லச் சொல்லுங்கள். முந்தின இரவு பெட்டியை வேறு இடம் மாற்றிவிடலாம்.

அறிகுறி: புழு செத்துக் கிடக்கிறது

இதற்காகத்தான் இந்த ஆறு வாரமும். நிதானமாக வாசியுங்கள்.

பெட்டி வந்த ஆறாவது ஏழாவது நாளில், வெயில் இதமாக இருக்கும் காலை நேரத்தில், கதம்பைப் (தேங்காய் மட்டை) புகை கொஞ்சமாகப் போட்டு நடு அடையை எடுங்கள். சூரியன் உங்கள் தோளுக்குப் பின்னால் இருக்கட்டும். அடையை லேசாகச் சாய்த்தால் கண்ணறையின் (அடையிலுள்ள சிறு அறை) அடி வரை வெளிச்சம் போகும். நல்ல புழு பால் வெள்ளையாக, ஈரப் பளபளப்போடு, பிறை போல் சுருண்டு படுத்திருக்கும். மூடிய கண்ணறைகள் இடைவெளி இல்லாமல் சேர்ந்து, மூடி லேசாக மேடாக இருக்கும். இந்தக் காட்சியைக் கண் பழக்கிக்கொண்டால் மாறுதல் தானாகத் தெரியும்.

*அடையின் ஓரத்தில் மட்டும் செத்திருக்கிறது, சின்னது பெரியது என்று எல்லா வயதுப் புழுவும்.* பயணத்தில் குளிர்ந்தோ நசுங்கியோ செத்தவை. ஈக்கள் ஒரு வாரத்தில் சுத்தம் செய்துவிடும். அடுத்த வாரம் அதே இடத்தில் புது முட்டை இருந்தால் கவலை இல்லை.

*புழு காய்ந்தாற்போல் இருக்கிறது, அதன் அடியில் வெள்ளைக் கஞ்சி இல்லை, சுற்றிலும் மகரந்தமே இல்லை.* இது பசி. ரப்பர் காலத்திலும் இது வரும். ரப்பர் தளிர் தேனைக் கொட்டும், ஆனால் மகரந்தம் தராது. புழு வளர மகரந்தம் வேண்டும். பாகு மட்டும் கொடுத்தால் போதாது, தென்னை பூத்திருக்கும் இடத்துக்கு மாற்றுங்கள்.

*மூடாத கண்ணறையில், இளம் புழு மஞ்சளித்து, முறுக்கிக்கொண்டு செத்திருக்கிறது, புளித்த வாடை வருகிறது.* ஐரோப்பிய புழு அழுகல் எனப்படும் பாக்டீரியா நோயாக இருக்கலாம். செத்த புழு அதிகமுள்ள அடைகளை எடுத்து எரித்து, பாகு கொடுத்து, கூட்டத்தைச் சின்ன இடத்தில் நெருக்கி வைத்தால் பல பெட்டிகள் தேறும். இரண்டு வாரத்தில் தேறவில்லையென்றால் மாதிரி எடுத்து அனுப்புங்கள்.

*புழு நன்றாக வளர்ந்து, கூட்டுப்புழுவாகப் போகிற தறுவாயில், கண்ணறைக்குள் நீளமாக மல்லாந்து, தலை மட்டும் படகின் முனை போல நிமிர்ந்து செத்திருக்கிறது.* கை நடுங்கினாலும் சோதனையை முடித்துவிடுங்கள். பச்சை ஈர்க்கிலின் நுனியை வளைத்து, அந்தத் தலைப் பக்கம் கொடுத்து மெதுவாகத் தூக்குங்கள். புழு உடையாமல் ஒரு சின்னப் பை போல முழுதாக வெளியே வந்து, அடிப்பக்கம் தண்ணீர் கோத்துத் தொங்கினால், அது தாய் (தாய்லாந்து) சாக் புரூட் என்ற வைரஸ் நோய். வாடை பெரிதாக இருக்காது. பழசானால் கறுத்துக் காய்ந்து, தட்டினால் உதிரும் செதிலாகிவிடும். மூடிய கண்ணறைகளில் சின்னச் சின்ன ஓட்டைகளும், மூடியிருக்க வேண்டிய இடத்தில் திறந்த கண்ணறைகளும் அங்கங்கே தெரியும்.

*ஈர்க்கிலில் நூல் போல இழுபட்டு வருகிறது, கெட்ட நாற்றம்.* நம் தேனீயில் இது அரிது. அமெரிக்க புழு அழுகலாக இருக்கலாம். பெட்டியை மூடிவிட்டு உடனே நிபுணரைக் கூப்பிடுங்கள். வேறு எதுவும் செய்யாதீர்கள்.

தாய் சாக் புரூட் என்று தெரிந்தால் என்ன செய்வது? இதற்கு மருந்து இல்லை. வைரஸுக்கு ஆன்டிபயாடிக் கொடுத்தால் ஒன்றும் நடக்காது, தேனில் மட்டும் அது தங்கும். மார்த்தாண்டம் தேனுக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது. யாரோ கடைக்காரர் கொடுத்த மாத்திரையைப் பாகில் கரைத்து அந்தப் பெயரைக் கெடுத்துவிடாதீர்கள்.

பெட்டி பலமாக இருந்து, நோய் இரண்டொரு அடையில்தான் இருக்கிறது என்றால் ராணியை இரண்டு மூன்று வாரம் கூண்டில் அடைக்கலாம். முட்டை நின்றால் புழு இருக்காது, புழு இல்லையென்றால் வைரஸ் பெருகுவது பெரும்பாலும் குறையும். நோய்ப் புழு உள்ள அடைகளை எடுத்து எரித்துவிட்டு, பாகு கொடுத்துக் காத்திருந்து, ராணியை விட்ட பிறகு ஆறு வாரத்தை முதலிலிருந்து எண்ண வேண்டும். கூட்டம் ஏற்கெனவே மெலிந்துவிட்டதென்றால் நான் வைத்திருக்க மாட்டேன். இருட்டிய பிறகு எல்லா ஈயும் உள்ளே வந்ததும் வாசலை அடைத்து, அங்கேயே முடித்து, அடைகளை எரித்துக் குழியில் மூடுவேன். மனசு கேட்காதுதான். ஆனால் செத்துக்கொண்டிருக்கும் பெட்டியை அப்படியே விட்டால் சுற்றுவட்டாரத்து ஈயெல்லாம் வந்து அதன் தேனைத் திருடி, நோயையும் சேர்த்து எடுத்துப் போகும். 1991-92-ல் இந்த நோய் தென்னிந்தியாவுக்குள் வந்தபோது நம் மாவட்டத்தில் பெட்டி வைத்திருந்த பெரும்பாலோர் எல்லாவற்றையும் இழந்தார்கள். மாமா வீட்டு விறகுப்புரையில் அந்தக் காலிப் பெட்டிகள் வருடக்கணக்கில் அடுக்கிக் கிடந்ததை நான் சிறுவனாகப் பார்த்தேன்.

காலியான மரப்பெட்டியை மெழுகு சுரண்டி, சலவைச் சோடா கரைத்த வெந்நீரில் தேய்த்துக் கழுவி, நாலு நாள் வெயிலில் காயவைத்து, உள்பக்கம் முழுதும் ஓலைச் சூட்டின் தீயைக் காட்டி லேசாகப் பழுப்பாகும்வரை வாட்டுங்கள். சட்டங்களை எரித்துவிடுவதே நல்லது, புதிதாக அடித்துக்கொள்ளலாம்.

அறிகுறி: அடையில் வலை, பலகையில் கறுப்புப் பொடி

மெழுகுப்புழு. அடிப்பலகையில் கடுகு போன்ற எச்சமும், அடையில் நூல் பின்னியது போலச் சுரங்கமும் தெரியும். ஈ மூடாத பழைய கறுத்த அடைகளை எடுத்துவிடுங்கள், அடிப்பலகையை வாரம் ஒருமுறை சுரண்டுங்கள், விரிசலை அடையுங்கள். ஈ எத்தனை அடையை மூடி உட்காருகிறதோ அத்தனை அடை மட்டும் உள்ளே இருந்தால் போதும். இது எல்லாப் பெட்டிக்கும் வருவதுதான். இரண்டு வாரம் சுத்தம் செய்தும் திரும்பத் திரும்ப வந்தால், கூட்டம் ஏன் பலவீனமாகிறது என்று மேலே உள்ள புழுப் பகுதிக்குப் போய்ப் பாருங்கள்.

அறிகுறி: முட்டையே இல்லை, அல்லது ஒரு கண்ணறையில் மூன்று நான்கு முட்டை

ஈ மகரந்தம் கொண்டு வருகிறது, உள்ளே முட்டை மட்டும் இல்லை என்றால் புது ராணி இணை சேரக் காத்திருக்கலாம். இரண்டு வாரம் பொறுங்கள்.

அதற்குப் பிறகும் இல்லையென்றால், உங்கள் பழைய பெட்டியிலிருந்து முட்டையும் இளம் புழுவும் உள்ள ஒரு சட்டத்தை அங்கே கொண்டுபோய் வையுங்கள். மூன்று நாளில் ராணி அறை கட்டத் தொடங்கினால் அந்தப் பெட்டிக்கு ராணி இல்லை. இங்கிருந்து அங்கே சட்டம் போகலாம், அது திரும்பி வரக் கூடாது. இதை மறந்து அந்தச் சட்டத்தைத் திருப்பி எடுத்து வந்தவர்கள் இருக்கிறார்கள். அதுவரை செய்ததெல்லாம் வீண்.

ஒரு கண்ணறையில் பல முட்டை, அதுவும் சுவரில் ஒட்டி, மூடிய அறைகளெல்லாம் ஆண் ஈ அறையாகப் புடைத்திருந்தால், வேலைக்கார ஈ முட்டையிடத் தொடங்கிவிட்டது. நம் தேனீயில் ராணி போனால் இது சீக்கிரமே வரும். புது ராணியைக் கொடுத்தாலும் பெரும்பாலும் ஏற்காது. விற்றவரிடம் பேசிப் பெட்டியை மாற்றிக் கேளுங்கள். ராணி இல்லாத பெட்டியை ராணி உள்ள பெட்டியாக விற்றது அவருடைய தவறு.

அறிகுறி: வாசலில் மஞ்சள், பழுப்புக் கழிவுத் திட்டு

பயணத்தில் அடைத்து வைத்தாலோ, நாலைந்து நாள் தொடர் மழையானாலோ வரும். வெயில் வந்ததும் தெளியும். புளித்த பாகு, வெல்லப் பாகு கொடுத்தாலும் வரும், வெள்ளைச் சீனி மட்டும் பயன்படுத்துங்கள். வெயில் வந்து ஒரு வாரமாகியும் நிற்கவில்லை, வயிறு உப்பிய ஈக்கள் பறக்க முடியாமல் தவழ்கின்றன என்றால் நோசிமா என்ற குடல் நோயாக இருக்கலாம். அது நுண்ணோக்கியில்தான் தெரியும். முப்பது நாற்பது ஈயை ஸ்பிரிட் ஊற்றிய குப்பியில் போட்டு ஆய்வுக்குக் கொடுங்கள்.

இத்தாலியத் தேனீப் பெட்டி வாங்கியிருந்தால்

இறக்கை சுருங்கிய இளம் ஈக்கள் வாசலில் தவழ்ந்தால் வரோவா உண்ணி. மூடிய ஆண் ஈ அறைகளைத் திறந்து கூட்டுப்புழுவை வெளியே எடுங்கள். செம்பழுப்பு நிறத்தில் ஊசித் தலை அளவுக்கு நண்டு போல ஒட்டியிருக்கும். நம் தேனீ இந்த உண்ணியோடு பழகிவிட்டது, இத்தாலியத் தேனீ தாங்காது. மருந்தின் அளவு தவறினால் ராணியே செத்துவிடும், அதனால் இதை நீங்களாகச் செய்யாதீர்கள். இரண்டு வகைத் தேனீயையும் ஒரே இடத்தில் வைப்பதையும் நான் ஏற்க மாட்டேன்.

எப்போது ஆளைக் கூப்பிடுவது

பை போலப் புழு வந்தால், நூல் போல இழுபட்டால், செத்த புழுவின் எண்ணிக்கை ஒரு வாரத்தைவிட அடுத்த வாரம் கூடினால், அன்றைக்கே. திருப்பதிசாரத்தில் வேளாண் அறிவியல் நிலையம் இருக்கிறது. படமும் மாதிரியும் கொண்டு போங்கள். செத்த புழு உள்ள இடத்தில் உள்ளங்கை அகலத்துக்கு அடையை வெட்டி, செய்தித்தாளில் சுற்றி, அட்டைப் பெட்டியில் வையுங்கள். பிளாஸ்டிக் பையில் போட்டால் வியர்த்துப் பூஞ்சை பிடித்து ஒன்றும் தெரியாது. வைரஸ் சோதனை என்றால் பனிக்கட்டியில் வைத்துத் தரச் சொல்லலாம், போன் செய்து கேட்டுவிட்டு வெட்டுங்கள். என்று வாங்கினீர்கள், எந்த ஊரிலிருந்து வந்தது, என்ன கொடுத்தீர்கள் என்பதையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள். முதலில் கேட்பது அதைத்தான்.

எப்போது சேர்க்கலாம்

ஆறு வாரத்தில் ஆறு முறை திறந்து பார்த்து, கடைசி மூன்று முறை ஒரு புழுகூடச் சந்தேகமாகத் தெரியாமல், மூடிய கண்ணறைகள் இடைவெளி இல்லாமல் இருந்தால் கொண்டு வாருங்கள். இருட்டிய பிறகு வாசலை வலைத் துணியால் அடைத்து, அடை ஆடாமல் கட்டி, இரவோடு இரவாக மாற்றுங்கள். உங்கள் வரிசையின் கடைசி ஸ்டாண்டில், வாசல் மற்ற பெட்டிகளுக்கு வேறு திசை பார்க்கும்படி வையுங்கள். காலையில் வாசலைத் திறக்கும்போது முன்னால் ஒரு மா இலைக் கொத்தைச் சாய்த்து வைத்தால், வெளியே வரும் ஈ நின்று திரும்பி இடத்தை அடையாளம் பார்த்துக்கொண்டு பறக்கும். அந்தப் பெட்டியிலிருந்து மற்றதற்குச் சட்டம் மாற்றுவதை அந்தத் தேன் காலம் முடியும்வரை நான் தொடுவதில்லை.